உறைந்த பழம், குமிழி ஒயின்: வாசகர் கேள்வி – பதில்

உறைய வைத்த பழத்தோடு ஸ்பார்க்ளிங் ஒயின் சேர்த்து வீட்டிலேயே காக்டெய்ல் செய்வது பற்றி வந்த கேள்விகளை இந்த முறை ஒன்றாகத் தொகுத்திருக்கிறோம். சுற்றி வளைத்துப் பலரும் எழுதியிருப்பது ஒரே புகார்தான்: நுரை பொங்கி மேசையில் வழிந்தது, கோப்பையில் மிஞ்சியது வெறும் பழச்சாறு. அதையே முதலில் எடுத்துக்கொள்வோம்.

கேள்வி: உறைந்த ஸ்ட்ராபெர்ரி, சர்க்கரை, அரை பாட்டில் ஸ்பார்க்ளிங் ஒயின் எல்லாவற்றையும் மிக்ஸியில் போட்டு ஓட்டினேன். மூடி எகிறி, சுவரெல்லாம் சிவப்பு. எங்கே தப்பு?

ஒயினை மிக்ஸியில் ஊற்றிய இடத்தில். ஒரு 750 மில்லி ஷாம்பெயின் பாட்டிலில் கரைந்திருக்கும் கார்பன் டை ஆக்சைடு முழுவதும் வெளியே வந்தால் ஏறக்குறைய 5 லிட்டர் இடம் பிடிக்கும். மற்ற வகைகளில் கொஞ்சம் குறையலாம். ஆனாலும் அரை பாட்டிலின் வாயு ஒரு லிட்டர் ஜாரில் அடங்காது. சாதாரணமாகக் கோப்பையில் ஊற்றினால் இந்த வாயு மெதுவாகத்தான் வெளியேறும். மிக்ஸியின் பிளேடு சுழலும்போது திரவம் சிதறுகிறது, காற்று உள்ளே புகுகிறது, உடைந்த பனித்துகளும் பழத்துகளும் ஆயிரக்கணக்கில் மிதக்கின்றன. ஒவ்வொரு துகளும் குமிழி பிறக்கும் இடம். அதனால் ஒரு மணி நேரத்தில் போகவேண்டிய வாயு சில நொடிகளில் போய்விடுகிறது. மூடி இறுக்கமாக இருந்தால் அதைத் தள்ளிக்கொண்டு போகிறது.

எனவே பழக்கலவை மட்டும் மிக்ஸியில். ஒயின் நேராகக் கோப்பையில். இந்தப் பானத்தில் மற்ற எதில் தவறினாலும் சமாளித்துவிடலாம், இதில் முடியாது.

கேள்வி: அளவும் செய்முறையும் துல்லியமாகச் சொல்லுங்கள். ஒரு பாட்டிலை வைத்து எத்தனை பேருக்குக் கொடுக்கலாம்?

ஆறு கோப்பை. ஒரு கோப்பைக்கு 120 மில்லி ஒயின் என்றால் 720 மில்லி ஆயிற்று. மிச்சம் 30 மில்லி நுரையோடு போகும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பழக்கலவைக்கு வேண்டியவை: உறைந்த மாம்பழத் துண்டுகள் 500 கிராம், சர்க்கரைப் பாகு 75 மில்லி, எலுமிச்சைச் சாறு 40 மில்லி, குளிர்ந்த தண்ணீர் 60 மில்லி, இரண்டு விரலால் எடுக்கும் அளவு உப்பு. பாகு என்றால் கம்பிப் பதம் பார்க்கிற பாகு அல்ல. 200 கிராம் சர்க்கரையில் 200 மில்லி தண்ணீர் விட்டுச் சூடாக்கி, சர்க்கரை கரைந்ததும் அடுப்பை அணைத்துவிட வேண்டியதுதான். ஆறியதும் மூடி, ஃப்ரிட்ஜில் இரண்டு வாரம் வரை வைத்துக்கொள்ளலாம். மிக்ஸியில் விடும்போது பாகு சில்லென்று இருக்கவேண்டும். வெதுவெதுப்பான பாகு பழத்தின் குளிரைப் பாதி தின்றுவிடும்.

பழத்தை ஃப்ரீசரிலிருந்து எடுத்து 5 முதல் 8 நிமிடம் வெளியே வையுங்கள். கல் மாதிரி இருக்கும் துண்டுகள் பிளேடில் சிக்கும், மோட்டார் சூடாகும், அந்தச் சூட்டில் கலவை உருகும். திரவங்களை முதலில் ஊற்றி, அதன்மேல் பழத்தைப் போடுங்கள். முதலில் விட்டு விட்டு ஐந்தாறு முறை, ஒவ்வொரு முறையும் 3 நொடி. ஓரத்தில் ஒட்டியதைக் கரண்டியால் தள்ளிவிட்டு, பிறகு 20 அல்லது 30 நொடி தொடர்ந்து ஓட்டுங்கள். அதற்குமேல் ஓட்டினால் உருகத் தொடங்கும். சின்ன ஜார் என்றால் இரண்டு தடவையாக அரைப்பதே நல்லது.

கரண்டியில் எடுத்துக் கவிழ்த்தால் உடனே விழாமல், மெதுவாக வழுக்கி விழவேண்டும். அதுதான் பதம். தண்ணீராக ஓடினால் ஒரு அகலமான டப்பாவில் கொட்டி 30 முதல் 40 நிமிடம் ஃப்ரீசரில் வைத்து, முள்கரண்டியால் கிளறி எடுங்கள். பிளேடு சுற்றியும் பழம் அசையாமல் இருந்தால், ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் மட்டும் கூட்டுங்கள். இரண்டு மூன்றாக ஊற்றிவிடாதீர்கள். பிறகு திரும்ப முடியாது.

கலவை ஏறக்குறைய 690 கிராம் வரும். ஜாரில் ஒட்டியது போக, கோப்பைக்கு 110 கிராம், அதாவது குவித்த மேசைக்கரண்டியால் ஐந்தாறு கரண்டி. கோப்பை 300 மில்லி கொள்ளவேண்டும். பானம் 230 மில்லிதான். மற்ற இடம் நுரைக்கு.

கேள்வி: ஊற்றும்போதே பொங்கி வழிகிறதே?

ஊற்றும் முறையைப் பொறுத்தது. கோப்பையில் பழக்கலவை இருக்கிறது. அதன்மேல் முதலில் 30 மில்லி ஒயின் மட்டும் விடுங்கள். பொங்கும். 15 நொடி காத்திருந்தால் அடங்கும். நீளமான கரண்டியால் அடியிலிருந்து மேலே இரண்டு முறை மெதுவாகத் தூக்கிவிடுங்கள். சுழற்றிக் கலக்கக் கூடாது. கலவை கொஞ்சம் இளகியதும் கோப்பையைச் சாய்த்துப் பிடித்து, மிச்ச 90 மில்லியை உட்சுவர் வழியே இறக்குங்கள். முதலில் விட்ட 30 மில்லியின் குமிழி பெரும்பாலும் போய்விடும். மற்ற 90 மில்லியைக் காப்பாற்ற அதைப் பலி கொடுக்கிறோம், அவ்வளவுதான்.

ஒயின் எவ்வளவு குளிர்ச்சியோ அவ்வளவு வாயு அதிலேயே கரைந்து நிற்கும். 4 முதல் 6 டிகிரி செல்சியஸ் நல்லது. ஃப்ரிட்ஜில் 3 மணி நேரமாவது இருக்கவேண்டும். அவசரம் என்றால் ஒரு வாளியில் பாதி ஐஸ், பாதி தண்ணீர், ஒரு கைப்பிடி உப்பு போட்டு, பாட்டிலை 20 நிமிடம் கழுத்து வரை அமிழ்த்துங்கள். வெறும் ஐஸை மட்டும் கொட்டினால் நேரம் பிடிக்கும்; கட்டிகளுக்கு நடுவே காற்றுதான் இருக்கிறது, காற்று குளிரைச் சரியாகக் கடத்தாது.

இன்னொரு காரணம் பலர் கண்ணில் படுவதில்லை: ஃப்ரீசரில் வைத்து உறைபனி படிந்த கோப்பை. பார்க்க அழகு. ஆனால் உட்சுவரில் படிந்த பனி முழுவதும் குமிழி பிறக்கும் இடம். கோப்பையை ஃப்ரிட்ஜில் 15 நிமிடம் வைத்தாலே போதும்.

கேள்வி: நீளமான ஒல்லியான ஷாம்பெயின் கோப்பையில் கொடுக்கலாமா?

வேண்டாம். ஒல்லிக் கோப்பையில் நுரைக்குப் பக்கவாட்டில் பரவ இடமில்லை. எரிமலை மாதிரி மேலே வரும். கரண்டியும் நுழையாது. வாய் அகன்ற ஒயின் கோப்பையே இதற்குப் பொருத்தம்.

கேள்வி: பழத்துக்குப் பதில் சாதாரண பழச்சாறும் ஐஸ் கட்டியும் போட்டால் என்ன?

முதல் ஐந்து நிமிடம் நன்றாக இருக்கும். ஐஸ் கட்டி வெறும் தண்ணீர்; உருக உருகப் பானம் நீர்த்துப்போகும். உறைந்த பழம் உருகினால் அதுவும் பழம்தான், சுவை குறைவதில்லை. பழத்தில் நார்ச்சத்தும் பெக்டினும் இருப்பதால் கலவைக்கு உடம்பும் கிடைக்கிறது. ஐஸ் கட்டியைப் பொடித்தால் கிடைப்பது மணல் மணலான துகள்.

கேள்வி: எந்தப் பழம் ஒத்துவரும்? தர்பூசணியில் செய்தேன், பல்லில் கரகரவென்று ஐஸ் மாட்டியது.

தர்பூசணியில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் தண்ணீர். அதை உறைய வைத்தால் கிடைப்பது லேசாக இனிக்கும் ஐஸ்தான். இதற்குப் பின்னால் இருக்கும் கணக்கு தெரிந்துவிட்டால் எந்தப் பழத்தையும் சமாளிக்கலாம்.

கலவை பஞ்சுபோல இருக்குமா, கல்லுபோல இருக்குமா என்பதைத் தீர்மானிப்பது அதிலுள்ள சர்க்கரை. சர்க்கரை தண்ணீரின் உறைநிலையை இறக்குகிறது. பனிப் படிகங்களுக்கு நடுவே கொஞ்சம் உறையாத பாகு எப்போதும் தங்கிவிடும். கலவையின் மொத்த எடையில் 13 முதல் 17 சதவீதம் சர்க்கரை இருந்தால் பதம் சரியாக வரும். 10-க்குக் கீழே போனால் கரகரக்கும். 20-க்கு மேல் போனால் உறையவே மனம் வராது, குடிக்கவும் திகட்டும்.

மாம்பழத்தில் 14 சதவீதம் அளவுக்குச் சர்க்கரை இயல்பாகவே இருக்கிறது. மேலே சொன்ன அளவு அதற்காகப் போட்டது. ஸ்ட்ராபெர்ரியில் 5 சதவீதம்தான். அதற்குப் பாகை 120 மில்லியாகக் கூட்டி, தண்ணீரை 30 மில்லியாகக் குறையுங்கள். தர்பூசணிக்கு ஸ்ட்ராபெர்ரியின் பாகு அளவே போதும். தண்ணீர் ஒரு சொட்டும் வேண்டாம், எலுமிச்சை 50 மில்லி வரை போகலாம். பீச், அன்னாசி இரண்டும் நடுவில் நிற்பவை. 90 மில்லி பாகில் தொடங்கி, ருசி பார்த்துக் கூட்டுங்கள்.

ருசி பார்க்கும்போது ஒன்றை நினைவில் வையுங்கள். குளிர்ச்சி நாக்கின் இனிப்பு உணர்வை மழுங்கடிக்கும். தவிர, இனி இதில் இனிப்பில்லாத ஒயின் சேரப்போகிறது. ஆகவே கலவை மட்டும் தனியாக 'கொஞ்சம் தூக்கல்' என்று தோன்றினால்தான் கோப்பையில் சரியாக இருக்கும்.

ராஸ்பெர்ரியில் விதைத் தொல்லை. பழத்தை முதலில் உருகவிட்டு அரைத்து, சல்லடையில் தேய்த்து எடுத்து, அந்தச் சாந்தை ஐஸ் ட்ரேயில் ஊற்றி மறுபடி உறைய வையுங்கள். நார் அதிகமுள்ள மாம்பழத்துக்கும் இதே வழி. வாழைப்பழம் மிருதுவாக அரைபடும், ஆனால் ஒயினின் மணத்தை முழுங்கிவிடும். எங்கள் சிபாரிசில் அதற்கு இடமில்லை. ஆரஞ்சு, எலுமிச்சை வகைகளைச் சுளையாக உறைய வைத்து அரைத்தால் தோலும் விதையும் சேர்ந்து கசக்கும். சாறு பிழிந்து உறைய வையுங்கள்.

கேள்வி: பழத்தை வீட்டில் உறைய வைத்தால் ஒரே கட்டியாக ஒட்டிக்கொள்கிறது.

கழுவி, நன்றாகத் துடைத்து, 2 சென்டிமீட்டர் துண்டுகளாக்கி, ஒரு தட்டில் ஒன்றையொன்று தொடாமல் ஒரே அடுக்காகப் பரப்பி, ஃப்ரீசரில் 5 மணி நேரம் வையுங்கள். இறுகிய பிறகு பையில் போட்டுக் காற்றை வெளியேற்றி மூடுங்கள். மைனஸ் 18 டிகிரியில் இரண்டு மூன்று மாதம் மணம் குறையாமல் இருக்கும். பழம் நன்றாகப் பழுத்திருக்கவேண்டும். உறைவதால் காய் பழமாகாது. செங்காய் செங்காயாகவே உறையும்.

கேள்வி: பீச் கலவை பழுப்பாகிவிடுகிறது. கெட்டுப்போய்விட்டதா?

கெடவில்லை. நறுக்கிய பழத்தில் ஒரு நொதி காற்றோடு சேர்ந்து செய்கிற வேலை. ஆப்பிள் கறுப்பதும் இதனால்தான். நறுக்கிய உடனே, உறைய வைப்பதற்கு முன்பே, அரைக் கிலோவுக்கு ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு புரட்டிவிடுங்கள். புளிப்பு அந்த நொதியை அடக்கும். அரைக்கும்போது சேர்த்துக்கொள்ளலாம் என்று விட்டால் அதற்குள் நிறம் மாறியிருக்கும். செய்முறையில் சொன்ன 40 மில்லியிலிருந்து இந்த ஒரு கரண்டியைக் கழித்துவிடுங்கள்.

கேள்வி: எந்த ஒயின் வாங்குவது? 'எக்ஸ்ட்ரா டிரை' வாங்கினேன், இனிப்பில்லாமல் இருக்கும் என்று. இனித்தது!

இந்தப் பெயர்களை வைத்தவர்கள் மேல் கோபம் வருவது நியாயம்தான். 'டிரை' என்றால் இனிப்பில்லாதது என்று பொருள். ஆனால் லேபிளில் 'எக்ஸ்ட்ரா டிரை' என்பது 'பிரூட்' என்பதைவிட இனிப்பானது. லிட்டருக்கு எவ்வளவு சர்க்கரை என்பதுதான் கணக்கு: பிரூட் என்றால் 12 கிராமுக்குள். எக்ஸ்ட்ரா டிரை 12 முதல் 17. வெறும் டிரை 17 முதல் 32. டெமி-செக் 32 முதல் 50. பழத்திலும் பாகிலும் ஏற்கெனவே இனிப்பு இருப்பதால் இந்தப் பானத்துக்கு பிரூட்தான். டெமி-செக் கைவசம் இருந்தால் பாகைப் பாதியாக்கி, எலுமிச்சையை 10 மில்லி கூட்டுங்கள்.

இத்தாலியின் புரோசெக்கோ இதற்கு நன்றாகப் பொருந்தும். க்ளேரா என்ற திராட்சையில் செய்வது. குமிழியைத் தரும் இரண்டாவது நொதிப்பு பெரும்பாலும் பெரிய தொட்டியில் நடப்பதால் பழமணம் தூக்கலாக நிற்கும். ஸ்பெயினின் காவாவும் ஷாம்பெயினும் பாட்டிலுக்குள்ளேயே இரண்டாவது முறை நொதிப்பவை. ஈஸ்ட் படிவோடு மாதக்கணக்கில் கிடப்பதால் ரொட்டி, வறுத்த பருப்பு போன்ற வாசம் வரும். காவா பிரூட் நன்றாக இருக்கும். நல்ல ஷாம்பெயினை இதில் ஊற்றுவது மட்டும் வீண்: அந்த நுட்பமான வாசமெல்லாம் மாம்பழத்துக்கு அடியில் போய்விடும். அதைத் தனியாகக் குடியுங்கள்.

புரோசெக்கோ பாட்டிலில் 'ஸ்புமான்டே' என்றிருக்கிறதா, 'ஃப்ரிட்சான்டே' என்றிருக்கிறதா என்றும் பாருங்கள். பின்னதில் அழுத்தம் 1 முதல் 2.5 பார் (அழுத்தத்தை அளக்கும் அலகு) வரைதான். குமிழி அப்படியே குறைவு. பழத்தில் பட்டதும் காணாமல் போகும்.

கேள்வி: ஒயினையும் ஃப்ரீசரில் வைத்துவிட்டால் பானம் இன்னும் சில்லென்று இருக்காதா? ஒருமுறை மறந்துபோய் பாட்டில் வெடித்தது.

உங்கள் கேள்விக்கு உங்கள் பாட்டிலே பதில் சொல்லிவிட்டது. 12 சதவீத ஆல்கஹால் உள்ள ஒயின் மைனஸ் 5 டிகிரியை ஒட்டி உறையத் தொடங்கும். வீட்டு ஃப்ரீசர் மைனஸ் 18. தண்ணீர் பனியாகும்போது 9 சதவீதம் விரியும். பாட்டிலில் இருக்கும் காலி இடம் அதற்குப் போதாது. அதோடு, பனிக்குள் வாயு கரைந்திருக்க முடியாது. மிச்சத் திரவத்திலிருந்து வெளியேறி அழுத்தத்தை ஏற்றும். கார்க் தள்ளப்பட்டால் அதிர்ஷ்டம், கண்ணாடி விரிசல் விட்டால் ஆபத்து. உறைந்த பாட்டிலைக் கண்டால் உடனே திறக்காதீர்கள். கனமான துணியில் சுற்றி ஃப்ரிட்ஜில் வைத்து, முழுவதும் இளகிய பிறகு பாருங்கள்.

கேள்வி: எல்லாவற்றையும் ஒன்றாக அடிக்கச் சொல்லும் செய்முறைகள் நிறைய இருக்கின்றனவே. அதெல்லாம் தவறா?

பனிக்கூழ் மட்டும் போதும், குமிழி வேண்டாம் என்றால் தவறில்லை. ஆனால் அதற்கு ஸ்பார்க்ளிங் ஒயின் எதற்கு? குமிழியில்லாத ரோஸே (இளஞ்சிவப்பு) ஒயினை வைத்து 'ஃப்ரோஸே' செய்வது அதைவிட நல்ல வழி. 750 மில்லி ரோஸேயை அகலமான தட்டில் ஊற்றி இரவு முழுவதும் ஃப்ரீசரில் வையுங்கள். ஆல்கஹால் இருப்பதால் கல்லாக இறுகாது, சுரண்டி எடுக்கும்படி நிற்கும். அதை 250 கிராம் உறைந்த ஸ்ட்ராபெர்ரி, 75 மில்லி பாகு, 30 மில்லி எலுமிச்சைச் சாறோடு அரையுங்கள். வெளிர் ரோஸே உறைந்து அரைபட்டால் நிறமே தெரியாது; அடர்ந்த நிறமுள்ளதாக எடுங்கள். பரிமாறும்போது மேலே 30 மில்லி ஸ்பார்க்ளிங் ஒயின் விட்டால் இரண்டு ஆசையும் தீரும்.

கேள்வி: இதுவும் பெல்லினியும் ஒன்றா?

பெல்லினியின் பனி வடிவம் என்று சொல்லலாம். வெனிஸ் நகரில் ஜுசெப்பே சிப்ரியானி 1931-இல் தொடங்கிய ஹாரிஸ் பாரில் பிறந்தது பெல்லினி. பெயர், வெனிஸ் ஓவியர் ஜொவான்னி பெல்லினியுடையது. அதில் வெள்ளை பீச் சாந்து ஒரு பங்கு, புரோசெக்கோ இரண்டு பங்கு, பனி கிடையாது. நமது பானத்தில் பழம் கிட்டத்தட்ட சரிபாதி. காரணம் முன்பே சொன்னதுதான்: குளிரில் பழத்தின் சுவை அடங்கிப்போகும், அதை ஈடுகட்டக் கூடுதல் பழம் வேண்டும்.

கேள்வி: மிக்ஸியே வேண்டாம் என்றால்?

வெனிஸ் பக்கத்து ஸ்க்ரோப்பினோ செய்யுங்கள். எலுமிச்சை சார்பெட் (பால் சேராத பழ ஐஸ்) இரண்டு கரண்டி, விருப்பமிருந்தால் 15 மில்லி வோட்கா. இவற்றைக் குளிர்ந்த கிண்ணத்தில் கைத்துடுப்பால் அடித்து இளக்கி, கோப்பைக்கு மாற்றி, 90 மில்லி புரோசெக்கோ ஊற்றுங்கள். பால் சேர்ந்த ஐஸ்கிரீமை இதற்கு எடுக்காதீர்கள். ஒயினின் புளிப்பில் திரிந்து, நுரையில் வெள்ளைத் துணுக்குகளாக மிதக்கும்.

கேள்வி: மாம்பழக் கூழ் அடியிலும் ஒயின் மேலுமாகப் பிரிந்து நிற்கிறது. சில சமயம் கூழ் மேலே மிதக்கிறது. எது சரி?

இரண்டும் நடக்கும். சர்க்கரை அடர்ந்த, உருகிய கூழ் ஒயினைவிடக் கனமானது, அடியில் தங்கும். பனித்துகளோ லேசானது, அதோடு குமிழிகள் ஒட்டிக்கொண்டு மேலே தூக்கும். கலவையை இன்னும் நைசாக அரைத்தால் பிரிவது தாமதமாகும். முழுக்கத் தடுக்க முடியாது. குடிக்கும்போது ஒரு தடவை கரண்டியால் தூக்கிவிட்டால் போதும். பொடியாக்கிய பழத்துண்டை மேலே தூவி அலங்கரிக்கிறவர்கள், அந்தத் துண்டுகளும் நுரையைக் கிளப்பும் என்பதை மறக்கவேண்டாம். முழுசாக உறைந்த ஒரு திராட்சையோ ஸ்ட்ராபெர்ரியோ பரவாயில்லை.

கேள்வி: விருந்துக்கு முதல் நாளே செய்து வைக்கலாமா?

பழக்கலவை வரைக்கும் செய்யலாம். அரைத்ததும் ஐஸ் ட்ரேயில் ஊற்றி உறைய வையுங்கள். குழி ஒன்றுக்கு 25 முதல் 30 மில்லி பிடிக்கும். கோப்பைக்கு நான்கு கட்டி என்று கணக்கு. விருந்தாளிகள் வந்த பிறகு கட்டிகளை எடுத்து 5 நிமிடம் விட்டு, மிக்ஸியில் நாலைந்து சுற்று மட்டும் விட்டால் மறுபடி பதத்துக்கு வந்துவிடும். ட்ரேயில் ஊற்றும் கலவையில் 30 மில்லி வோட்காவோ ஆரஞ்சு லிக்கரோ சேர்த்தால் கட்டி அவ்வளவு இறுகாது. 100 மில்லிக்கு மேல் போனால் எதிர்விளைவு: கலவை எப்போதும் சொதசொதவென்றே இருக்கும்.

ஒயின் ஊற்றிய கோப்பைகளை வரிசையாகத் தட்டில் தயாராக வைப்பது மட்டும் கூடாது. பத்து நிமிடத்தில் குமிழி அடங்கிவிடும். ஒருவர் கையில் கொடுக்கும்போதுதான் ஊற்றவேண்டும்.

கேள்வி: ஐஸ்கிரீம் மாதிரி இறங்குகிறது. இதில் எவ்வளவு ஆல்கஹால் இருக்கிறது?

நல்ல கேள்வி, இதை அதிகம் பேர் கேட்பதில்லை. 12 சதவீத ஒயின் 120 மில்லியில் சுத்த ஆல்கஹால் 14.4 மில்லி, எடையில் 11 கிராமுக்குச் சற்று மேல். பல நாடுகள் 'ஒரு டிரிங்க்' என்று வைத்திருக்கும் அளவு 10 கிராம். ஆகவே ஒரு கோப்பை, ஒரு டிரிங்குக்குக் கொஞ்சம் அதிகம். குளிரும் இனிப்பும் ஆல்கஹாலின் காரத்தை மறைத்துவிடுவதால் மூன்று கோப்பை போனதே தெரியாது. கோப்பைக்கு 15 மில்லி வோட்கா கூடச் சேர்த்தால் இன்னும் 5 கிராம் ஏறும். எண்ணிக்கொண்டே குடியுங்கள். வண்டி ஓட்டப்போகிறவர், கர்ப்பிணி இருவருக்கும் இது வேண்டாம். இன்சுலினோ, சர்க்கரையை இறக்கும் மாத்திரையோ எடுப்பவர் மருத்துவரைக் கேட்டுக்கொள்ளவேண்டும். ஆல்கஹால் சில மணி நேரம் கழித்தும் ரத்தச் சர்க்கரையைத் தாழ்த்தக்கூடியது.

கேள்வி: அப்படியானால் ஆல்கஹால் இல்லாமல்?

பழக்கலவை அதேதான். சோடா ஊற்றினால் ஒயினில் இருந்த புளிப்பு இருக்காது; எலுமிச்சையை 60 மில்லியாக்குங்கள், பாகை 20 மில்லி கூட்டுங்கள். குமிழியுள்ள திராட்சைச் சாறு என்றால் அதுவே நல்ல இனிப்பு. பாகை முழுக்க விட்டுவிடலாம். பதம் கொஞ்சம் கரகரப்பாக வரும், பாதகமில்லை. கடையில் கிடைக்கும் ஆல்கஹால் நீக்கிய ஸ்பார்க்ளிங் ஒயின் சுவையில் இன்னும் நெருங்கி வரும். ஆனால் அதில் 0.5 சதவீதம் வரை மிச்சம் இருக்கலாம். துளியும் கூடாது என்பவர்கள் லேபிளைப் பார்க்கவேண்டும்.

கேள்வி: பாக்கெட்டில் வரும் உறைந்த பெர்ரிகளை அப்படியே அரைக்கலாமா?

பாக்கெட்டில் 'சமைத்து உண்ணவும்' என்று இருந்தால் கூடாது. நோரோ வைரஸ், ஹெபடைட்டிஸ் ஏ வைரஸ் இரண்டும் உறைந்த பெர்ரிகள் வழியாகப் பரவியதுண்டு. உறைநிலை அவற்றைக் கொல்வதில்லை. ஒயினில் இருக்கும் ஆல்கஹாலும் கொல்லாது. அப்படிப்பட்ட பழத்தை ஒரு நிமிடம் நன்றாகக் கொதிக்கவிட்டு, ஆறவைத்து, ட்ரேயில் ஊற்றி மறுபடி உறைய வையுங்கள். நிறம் இன்னும் அடர்த்தியாக வரும். புதுப் பழத்தின் மணம் கொஞ்சம் போகும்.

கேள்வி: கார்க்கைத் திறக்கவே பயமாக இருக்கிறது.

அந்தப் பயம் இருக்கட்டும். உள்ளே 3 முதல் 6 பார் வரை அழுத்தம் இருக்கிறது. பாட்டில் நன்றாகக் குளிர்ந்திருக்கவேண்டும், ஆட்டியிருக்கக் கூடாது. தாளை உரித்து, கட்டைவிரலைக் கார்க்கின் மேல் அழுத்திக்கொண்டே கம்பிக்கூட்டைத் தளர்த்துங்கள். வழக்கமாக ஆறு அரைச்சுற்று. அந்த நொடியிலிருந்து விரலை எடுக்கக் கூடாது. மேலே ஒரு துணியைப் போட்டு, பாட்டிலை 45 டிகிரி சாய்த்து, வாயை ஆளில்லாத பக்கம் திருப்புங்கள். ஒரு கை கார்க்கை அசையாமல் பிடிக்கட்டும். மறு கை பாட்டிலின் அடியைத் திருப்பட்டும். கார்க் தானாக மேலே வர முயலும். நீங்கள் அதை உள்ளே அழுத்துவதுபோல் தடுத்துக்கொண்டே விடவேண்டும். 'டப்' என்ற சத்தம் வரக் கூடாது, 'புஸ்' என்ற பெருமூச்சுதான் வரவேண்டும். சத்தத்தோடு திறந்தால் கொண்டாட்டமாக இருக்கும், கோப்பைக்கு வரவேண்டிய வாயுவில் கொஞ்சம் அப்போதே போயிருக்கும். கார்க் ஸ்க்ரூவை இந்தப் பாட்டிலில் ஒருபோதும் குத்தாதீர்கள்.

கேள்வி: பாதி பாட்டில் மிச்சம். கழுத்தில் வெள்ளிக் கரண்டியைச் செருகி வைத்தால் குமிழி போகாதாமே?

கரண்டியால் ஒன்றும் ஆகாது. கரண்டி இல்லாமல் ஃப்ரிட்ஜில் வைத்தாலும் அதே அளவுதான் தாங்கும். காப்பாற்றுவது குளிர், வெள்ளி அல்ல. ஸ்பார்க்ளிங் ஒயினுக்கென்றே கழுத்தைக் கவ்விப் பிடிக்கும் மூடி கிடைக்கிறது. அதைப் போட்டு ஃப்ரிட்ஜில் நிமிர்த்தி வைத்தால் இரண்டு நாள் வரை பழக்கலவையோடு குடிக்கும்படி இருக்கும். அதற்குள்ளும் தீரவில்லை என்றால் ஐஸ் ட்ரேயில் ஊற்றிவிடுங்கள். குமிழி போன ஒயின் கட்டிகள் அடுத்த முறை செய்முறையில் அந்த 60 மில்லி தண்ணீருக்குப் பதிலாகும். இரண்டு மூன்று கட்டி போதும்.